வலது இறக்கையில் வந்த பொட்டு

என்ன வேலை பார்க்கிறாய் என்று யாராவது கேட்டால், பட்டாம்பூச்சிக்கு ஆபரேஷன் செய்கிறேன் என்று சொல்வாள் ஊசி அக்கா. கேட்டவர் சிரிப்பார். சிரித்து முடிக்கட்டும் என்று பொறுமையாக நின்றுவிட்டு, "அதுவும் அது பொறக்கறதுக்கு முன்னாடி" என்று சேர்த்துக்கொள்வாள். அதற்கு மேல் கேட்க யாருக்கும் தைரியம் வந்ததில்லை. பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று அவளுக்கும் இருந்தது. ஆனால் ஆராய்ச்சிக் கூடத்தில் வாசல் காவலாளி முதல் புரொபசர் வரை எல்லோருக்கும் அவள் ஊசி அக்காதான்.

முதலில் அவள் அங்கே ஊசி பிடிக்கப் போகவில்லை, செடிக்குத் தண்ணீர் ஊற்றத்தான் போனாள். மாடியில் கண்ணாடிக் கூரை போட்ட ஓர் அறை, உள்ளே நுழைந்தால் சட்டை முதுகோடு ஒட்டிக்கொள்ளும் புழுக்கம். சோள நாற்றுகள் தொட்டி தொட்டியாக நின்றன. அவற்றைத் தின்பதையே பிழைப்பாக வைத்திருக்கும் பச்சைப் புழுக்கள் வலைக்கூண்டுகளில் இருந்தன. கூண்டு கழுவுவது, நாற்று மாற்றுவது, புழுக்கை கூட்டுவது, இதுதான் வேலை. கணவர் போய்ச் சேர்ந்த பிறகு மகளை வளர்க்க அவளுக்குக் கிடைத்தது அதுதான். ஒருநாள் அங்கே படித்துக்கொண்டிருந்த பையன் ஒருவன், நுண்ணோக்கிக்கு முன்னால் உட்கார்ந்து கூட்டுப்புழுக்களை ஒவ்வொன்றாகக் குத்திச் சாகடித்துவிட்டு, தலையில் கைவைத்துக்கொண்டு அழாக்குறையாக இருந்தான். "நான் வேணா ஒண்ணு பண்ணிப் பாக்கட்டுமா தம்பி?" என்று விளையாட்டாகத்தான் கேட்டாள். அவள் குத்தியது பிழைத்தது. அடுத்ததும் பிழைத்தது. அன்றைக்கே தண்ணீர்க் குழாயை வேறொருவர் கையில் கொடுத்துவிட்டு, இவள் கையில் ஊசியைக் கொடுத்துவிட்டார்கள். அவளுக்குக் கைராசி என்றார்கள். ராசியும் இல்லை, மண்ணும் இல்லை. கை ஆடாது, அவ்வளவுதான்.

அந்த வேலையை ஒரு வரியில் சொல்லிவிடலாம், செய்வதற்குத்தான் உயிர் போகும். புழு இரவில் தலைகீழாகத் தொங்கித் தோலை உரித்துக்கொண்டு கூட்டுப்புழுவாகிவிடும். காலையில் பார்த்தால் சுண்டுவிரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரிதாக, பச்சையாக, மெத்தென்று இருக்கும். உச்சிப்பொழுதுக்குள் ஓடு இறுகிவிடும், அதற்குள் வேலையை முடிக்க வேண்டும். இறக்கைகள் அப்போதே உண்டு. ஈரத்துணியை மடித்து ஒட்டியதுபோல் உடம்பின் இரண்டு பக்கமும் படிந்திருக்கும். நிறம் மட்டும் இருக்காது. எந்த இடத்தில் பொட்டு வரப்போகிறதோ, அந்த இடத்தின் நட்டநடுவில் ஒரு சின்ன மேடு தெரியும். அதைச் சூடான ஊசியால் தொட்டால் பொட்டு வராமலே போய்விடும். துளியூண்டு வெட்டி எடுத்து, வேறொரு கூட்டுப்புழுவின் இறக்கையில் வெறும் இடம் ஒன்றில் நட்டால், வராத இடத்தில் பொட்டு வரும். நட்டதும் மூச்சை விடலாம். ஒரு வாரம் கழித்துப் பூச்சி வெளியே வந்து இறக்கையை விரிக்கும்போதுதான் ஊசி அக்காவின் காலை வேலை கலராகத் தெரியும்.

ஏன் அப்படி என்று அவளுக்கு விளக்கியது குட்டி மேடம். அந்தப் பெண்ணுக்கு அந்தப் பெயரை வைத்ததும் ஊசி அக்காதான். ஆள் சின்ன உருவம், பேச்சு பெரிய பேச்சு. படிப்பை முடித்துவிட்டு ஆராய்ச்சிக்கு என்று குறிப்பிட்ட காலத்துக்கு வந்தவள். அந்தக் காலத்துக்குள் புதிதாக எதையாவது கண்டுபிடித்துக் காட்டினால் இருக்கலாம், இல்லாவிட்டால் மூட்டையைக் கட்ட வேண்டியதுதான். பாதிக் காலம் போயும் உருப்படியாக ஒன்றும் வரவில்லை. ஆனாலும் மதியச் சாப்பாட்டின்போது கையை ஆட்டி ஆட்டிப் பேசுவாள்.

"அக்கா, ஒரு வீட்டுல அடுப்புல என்னவோ கருகுதுன்னு வைங்க. அடுப்புப் பக்கத்துல இருக்கிறவங்க இருமுவாங்க. அடுத்த ரூம்ல இருக்கிறவங்க மூக்கைச் சுளிப்பாங்க. வாசல்ல இருக்கிறவங்களுக்கு ஒண்ணுமே தெரியாது. அந்த மேடுதான் அடுப்பு. அதுலேர்ந்து ஏதோ ஒண்ணு பரவுது. கிட்ட இருக்கிற செல்லு வெள்ளையாகுது, கொஞ்சம் தள்ளி இருக்கிறது கறுப்பாகுது, அதுக்கும் தள்ளி இருக்கிறது மஞ்சளாகுது. அதான் பொட்டு வளையம் வளையமா இருக்கு."

"அப்போ நான் அடுப்பைத் தூக்கிப் பக்கத்து வீட்டுல வைக்கிறேன்."

"அதேதான்! உங்களை வகுப்பெடுக்கச் சொல்லலாம் போலிருக்கே."

இன்னொரு நாள், இந்தப் பொட்டுகளெல்லாம் எதற்கு என்று கேட்டாள். குருவியை ஏமாற்ற என்றாள் குட்டி மேடம். குருவி உடம்பைக் கொத்தாமல் இறக்கையோரத்துப் பொட்டைக் கண் என்று நினைத்துக் கொத்தும், ஒரு துண்டு இறக்கையோடு போய்விடும், பூச்சி பிழைத்துக்கொள்ளும். பொட்டு நன்றாக வந்த பூச்சிகள் பிழைத்து முட்டையிட்டு, அதன் பிள்ளைகளுக்கும் பொட்டு வந்து, இப்படியே எத்தனையோ காலமாகப் பொட்டு பெருகியது. அதற்காக இயற்கை புதிதாக எதையும் வாங்கிவரவில்லையாம். புழுவுக்குக் கால் முளைக்கவைக்கும் அதே பழைய சரக்கைக் கொண்டுவந்து, இறக்கையில் பொட்டு வைக்கவும் பயன்படுத்திக்கொண்டதாம். "இயற்கையும் நம்ம வீட்டு ஆளு மாதிரிதான். பழைய டப்பாவைத் தூக்கிப் போடாது" என்றாள் ஊசி அக்கா. குட்டி மேடம் சாப்பாடு புரையேறச் சிரித்தாள். மகள் வேறு ஊரில் ஒரு செல்போன் ரிப்பேர் கடையில் வேலைக்குப் போன பிறகு, ஊசி அக்காவோடு சாப்பிட உட்கார்ந்து இப்படிச் சிரித்தவர்கள் வேறு யாரும் இல்லை. அந்தப் பெண் மேல் உயிரையே வைத்திருந்தாள்.

பிள்ளைக்குப் போய்ச்சேரும் சரக்கில் நல்லது மட்டுமா இருக்கிறது? அந்தக் கேள்விக்குப் பதில் அவள் வீட்டுப் பின்னறையிலேயே இருந்தது. அங்கே அவளுடைய அண்ணன் இருந்தார்.

அண்ணன் ஒரு பரிசோதனைக் கூடத்தில் ரத்தம் எடுக்கிறவராக இருந்தவர். ஊசி குத்துவது தெரியாமலே குத்துவார், குழந்தைகள்கூட அழாது என்று பெயர் வாங்கியவர். நாற்பதைத் தாண்டியதும் கை ஆட ஆரம்பித்தது. சும்மா மடியில் கிடக்கும்போது கை சாதுவாக இருக்கும், எதையாவது எடுக்கப் போனால்தான் ஆடும். அப்பாவுக்கும் இருந்தது, வயசாகிவிட்டது என்று விட்டுவிட்டார்கள். டாக்டர் பார்த்துவிட்டு, இது பரம்பரை, பிள்ளைகளில் பாதிப்பேருக்கு வர வாய்ப்பு உண்டு, உயிருக்கு ஒன்றும் ஆகாது என்றார். "உயிருக்கு ஒண்ணும் ஆகாதாம், வேலைக்குத்தான் ஆகுமாம்" என்று அண்ணன் வீட்டுக்கு வந்து சிரித்தார். மாத்திரை போட்டால் அவருக்குத் தலை சுற்றியது. காலையில் ஒரு மடக்குக் குடித்தால் கை கல்லுபோல நிற்கிறது என்று அவராகவே கண்டுபிடித்துக்கொண்டார். கொஞ்ச நாள் நின்றது. பிறகு ஒரு மடக்குக்கு நிற்காமல் இரண்டு கேட்டது. இரண்டு மூன்றானது. யாரோ ஒரு நோயாளி வாடையைக் கண்டுபிடித்துச் சத்தம் போட, வேலை போனது. மனைவியும் பிள்ளைகளும் போனார்கள். இப்போது அவர் நாலு பேர் முன்னால் உட்கார்ந்து சாப்பிட மாட்டார், சிந்திவிடும். "என்னைப் பாத்தாலே நரம்பு ஓடி ஒளிஞ்சுக்கும்மா" என்று மட்டும் இப்போதும் சொல்லிச் சிரிப்பார். 

அதே சரக்கு தனக்கும் வந்திருக்கிறது என்று அவளுக்குக் காட்டியது பட்டாம்பூச்சிதான். குட்டி மேடத்தின் வேலைக்காக நட்ட ஒரு தொகுதி பூச்சிகள் வெளியே வந்தபோது, புதிய பொட்டுகள் வட்டமாக இல்லாமல் ஒரு பக்கம் இழுபட்டிருந்தன. சிலவற்றில் பெரிய பொட்டுக்கு வால் முளைத்ததுபோல் இருந்தது. மற்றவர்கள் கண்ணுக்கு அது ஒன்றுமில்லை. அவளுக்குத் தெரிந்தது. ஊசி எங்கே நின்றிருக்க வேண்டும், எங்கே வழுக்கியது என்பது கறுப்பும் மஞ்சளுமாகத் தெரிந்தது. கைக்குத் தெரியாமல் கை ஆடியிருக்கிறது. அன்று மாலை அண்ணனுக்குக் காப்பி கொண்டுபோய்க் கொடுத்தாள். அவர் காப்பியைப் பார்க்கவில்லை, அவள் விரலைப் பார்த்தார்.

"உனக்குமா?" என்றார்.

"போண்ணா, வேலை ஜாஸ்தி, களைப்பு."

"எனக்கும் முதல்ல களைப்புதான் வந்துச்சு."

அவள் டாக்டரிடம் போனாள். அதே பேச்சு, அதே மாத்திரை. அவளுக்கும் தலைசுற்றி, நுண்ணோக்கியில் பார்ப்பதே இரண்டிரண்டாகத் தெரிந்தது. விட்டுவிட்டாள். கூடத்தில் வாயைத் திறக்கவில்லை. திறந்தால் ஊசியை வாங்கிக்கொண்டு பழையபடி தண்ணீர்க் குழாயைக் கொடுப்பார்கள், அதையாவது கொடுத்தால் சரி. வேலையை விடப் பெரிய பயம் ஒன்று இருந்தது. அந்த ஊசியைத் தவிர உலகத்தில் அவளுடையது என்று சொல்லிக்கொள்ள எதுவும் இல்லை. அதுவும் போனால் அவள் யார்? பின்னறையில் உட்கார்ந்து தன்னையே கேலி செய்துகொள்ளும் இன்னொரு ஆள். மகளிடமும் சொல்லவில்லை. அந்தப் பெண்ணும் நாளெல்லாம் கையில் பற்றவைக்கும் சூட்டுக்கோலும் இடுக்கியுமாக உட்கார்ந்திருப்பவள்.

அதனால் அவள் ஒரு வழி கண்டுபிடித்தாள்.

கூட்டுப்புழுவை மெழுகுப் பலகையில் இருக்கும் பள்ளத்தில் ஒருக்களித்துப் படுக்கவைப்பார்கள். தலை அவளுக்கு எதிர்ப்பக்கம், முதுகு அவளுடைய வலக்கைப் பக்கம். அப்படி வைத்தால் இடது இறக்கை மேலே வரும். அதில்தான் நட வேண்டும். கீழே இருக்கும் வலது இறக்கையைத் தொடவே கூடாது, ஒப்பிட்டுப் பார்க்க அது அப்படியே இருக்க வேண்டும். இதுதான் அங்கே என்றைக்கும் உள்ள முறை. ஆனால் அந்தக் கிடப்பில் மணிக்கட்டு அந்தரத்தில் நிற்கும். ஆடும் கைக்கு அந்தரம் ஆகாது. புழுவின் தலையைத் தன் பக்கம் திருப்பிவைத்துவிட்டால், எட்டி வேலை செய்யும்போது மணிக்கட்டு பலகை மேல் பதிந்து நிற்கும். திருப்பிவைத்தாள். கை நின்றது. பொட்டுகள் மறுபடி வட்டமாக வந்தன. போன உயிர் திரும்பி வந்ததுபோல் இருந்தது அவளுக்கு.

தலையைத் திருப்பினாள். முதுகு வலக்கைப் பக்கம் இருக்க வேண்டும் என்ற பழக்கத்தை மட்டும் கை விடவில்லை. எத்தனையோ வருடத்துப் பழக்கம், அது மூளையைக் கேட்டுக்கொண்டா நடக்கிறது? தலை இந்தப் பக்கம் வந்து, முதுகும் அதே வலப்பக்கம் இருந்தால், மேலே வருவது இடது இறக்கை அல்ல, வலது. வேண்டுமானால் நீங்களே ஒருக்களித்துப் படுத்துப் பாருங்கள். அவள் பார்க்கவில்லை. கை நின்ற சந்தோஷத்தில் அவளுக்குக் கண் தெரியவில்லை.

பூச்சிகள் வெளிவந்தன. குட்டி மேடம் இறக்கைகளைக் கழற்றிக் கண்ணாடித் தட்டில் வைத்துப் பார்த்தவள், இன்னொரு முறை பார்த்தாள், எழுந்து நின்றாள், மறுபடி உட்கார்ந்தாள். அவள் கணக்கில் நட்டது இடது இறக்கையில். இடது இறக்கையில் புதிதாக ஒன்றுமே இல்லை. யாரும் தொடாத வலது இறக்கையில், பொட்டு வரவே கூடாத இடத்தில், அழகாக ஒரு பொட்டு. அடுத்த தொகுதியிலும் அப்படியே. அதற்கடுத்ததிலும் அப்படியே. பூச்சி உரித்துப்போட்ட ஓடுகள் இருந்திருந்தால், ஊசி பட்ட தழும்பு எந்தப் பக்கம் என்று காட்டிக்கொடுத்திருக்கும். அவற்றைக் குப்பையில் கொட்டுவதும் ஊசி அக்காவின் வேலைதான்.

"அக்கா! இங்க அடுப்பை வெச்சா அங்க இருமுறாங்கக்கா! ஒரு இறக்கையிலேர்ந்து இன்னொரு இறக்கைக்கு சேதி போகுது! இதை யாரும் பாத்ததே இல்ல!" என்று அவளைக் கட்டிப்பிடித்துக்கொண்டு குதித்தாள் குட்டி மேடம். இவளும் சேர்ந்து குதித்தாள். என்ன ஏது என்று முழுதாகப் புரியாவிட்டாலும், பெண்ணுக்கு நல்லகாலம் பிறந்துவிட்டது, தன் கையால் பிறந்தது என்று புரிந்தது. அதற்கு மேல் என்ன புரிய வேண்டும்? புரொபசர் அறையைவிட்டு வெளியே வந்து அவளுக்கே கை கொடுத்தார். அந்த மனிதர் கை கொடுப்பது கிரகணம் மாதிரி எப்போதோ ஒருமுறை நடப்பது. வெளிநாட்டிலிருந்தெல்லாம் ஆட்கள் வரும் ஒரு மாநாட்டில் இதைப் பேசவைக்கிறேன் என்று குட்டி மேடத்திடம் சொன்னார்.

மறுநாள் காலை முதல் கூட்டுப்புழுவைப் பள்ளத்தில் வைத்துக் குனிந்தவளுக்கு, நேற்றுக் கேட்ட இடது, வலது என்ற வார்த்தைகள் காதிலேயே இருந்தன. எது இடது என்று வெறுமனே ஒருமுறை பார்த்தாள்.  புழுவை எடுத்துத் திருப்பிப் பார்த்தாள். மறுபடி வைத்தாள். சந்தேகமே இல்லை. எந்தச் சேதியும் எங்கேயும் போகவில்லை. அவள் வலது இறக்கையில் நட்டாள், வலது இறக்கையில் வந்தது. அவ்வளவுதான் கண்டுபிடிப்பு.

அன்றைக்கே சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. பக்கம் மாறிவிட்டது என்றால் ஏன் மாறியது என்பார்கள். ஏன் மாறியது என்றால் கையைக் காட்ட வேண்டும். நாளைக்குச் சொல்லலாம் என்று ஒவ்வொரு நாளும் நினைத்தாள். நாளைக்கு என்பது என்றைக்கும் ஊசி அக்காவிடம் மரியாதையாகத்தான் நடந்துகொண்டது, வந்ததே இல்லை. குட்டி மேடம் மாநாட்டுக்குப் போட்டுக்கொள்ள ஒரு நீலச் சட்டை வாங்கிவந்து, "நல்லாருக்காக்கா?" என்று தோளில் வைத்துக் காட்டினாள். "ராணி மாதிரி இருக்கே கண்ணு" என்று சொல்லிவிட்டு, ஊசி அக்கா சோள நாற்றுகளுக்கு நடுவில் போய் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள்.

அங்கேயே கடைசியில் சொன்னாள். குட்டி மேடம் அவளைத் தேடிக்கொண்டு வந்து, "என்னக்கா, உடம்பு சரியில்லையா?" என்று நெற்றியைத் தொட்டபோது உடைந்துவிட்டது.

"கண்ணு, அது சேதியெல்லாம் போகல. நான் பக்கம் மாத்தி நட்டுட்டேன்."

குட்டி மேடத்துக்கு உடனே விளங்கவில்லை. தலையைத் திருப்பியதையும் முதுகைத் திருப்ப மறந்ததையும் அவள் உள்ளங்கையில் விரலால் காட்டி விளக்கிய பிறகுதான் முகம் வெளுத்தது.

"எல்லாத்துலயுமா?"

"எல்லாத்துலயும்."

"எதுக்குக்கா திருப்புனீங்க? யாரு சொன்னா?"

"கை ஆடுதும்மா. அண்ணனுக்கு வந்த மாதிரியே எனக்கும் வந்துடுச்சு. மணிக்கட்டைப் பதிச்சு வெச்சாத்தான் நிக்குது."

அந்தப் பெண் கத்தவில்லை. கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். "ஏன்க்கா முன்னாடியே சொல்லல?" என்று மட்டும் கேட்டாள். 

புரொபசர் முழுவதையும் கேட்டுவிட்டு மேசையை விரலால் தட்டிக்கொண்டிருந்தார். பக்கம் மாறியது என்பது இவள் வாய்வார்த்தை. மாறாமலும் இருந்திருக்கலாம். அப்படியானால் கண்டுபிடிப்பு உண்மை. இன்னொரு தொகுதி செய்து பார்த்துவிடலாம், பழைய முறைப்படி, எல்லோரும் பக்கத்தில் நின்று பார்க்க. ஆனால் நடவேண்டியவள் அவள்தான், வேறு யாருக்கும் அந்தக் கை இல்லை. "கை நடுங்குதுன்னு சொல்றீங்க. இத்தனை வருஷம் ஒருத்தரும் பாக்கலையே. பயமா இருக்கும், அவ்வளவுதான்" என்றார். குட்டி மேடம் அவளை வாசல்வரை வந்து பிடித்துக்கொண்டாள். "ஒரே ஒரு தடவைக்கா. எனக்காக. இது உண்மையா இருந்துட்டா..." என்றாள். அந்தக் கண்களில் இருந்த ஆசையைப் பார்த்தபின் ஊசி அக்கா ஒப்புக்கொண்டாள்.

பழைய முறை என்றால் மணிக்கட்டு அந்தரத்தில் நிற்க வேண்டும். முந்தின நாள் வீட்டில் ஊசியை எடுத்து அந்தரத்தில் பிடித்துப் பார்த்தாள். ஊசி நுனி கண்ணுக்குத் தெரிய ஆடியது. அப்படிக் குத்தினால் பூச்சி பிழைக்காது, பிழைத்தாலும் அலங்கோலமாக வரும். இதுவும் அல்ல அதுவும் அல்ல என்று ஆகி, குட்டி மேடத்தின் காலம் அதிலேயே முடிந்துவிடும்.

விடிகாலையில் பின்னறைக் கதவைத் தட்டினாள். அண்ணனுக்கு விஷயம் தெரியும். கட்டிலுக்கடியிலிருந்து பாட்டிலை எடுத்தவர் உடனே கொடுக்கவில்லை.

"இது வேண்டாம்மா. நான் எங்க வந்து நிக்கிறேன்னு பாத்துக்கிட்டுத்தானே இருக்கே."

"ஒரு நாள்தாண்ணா."

"நானும் ஒரு நாளுக்குத்தான் ஆரம்பிச்சேன்."

"நாளைக்கு நான் கேட்டா குடுக்காதே. இன்னைக்கு மட்டும் குடு."

கொடுத்தார். பாட்டிலோடு அண்ணாந்து ஒரு மடக்குக் குடித்தாள். தொண்டை எரிந்தது, கண்ணில் தண்ணீர் வந்தது. வாயில் கிராம்பைப் போட்டு மென்றுகொண்டே பஸ் பிடித்தாள். பஸ்ஸில் கம்பியைப் பிடித்திருந்த கையைப் பார்த்தாள். யாருடையதோ போல் அமைதியாக இருந்தது.

அன்று ஊசி அக்கா செய்ததுபோல் அந்தக் கூடத்தில் யாரும் செய்ததில்லை, அவளே செய்ததில்லை. புரொபசர் ஒரு பக்கம், குட்டி மேடம் ஒரு பக்கம். தலை எதிர்ப்பக்கம், முதுகு வலக்கைப் பக்கம், இடது இறக்கை மேலே. ஊசி இறங்கியது, துளி எடுத்தது, நட்டது, எழுந்தது. ஒரு புழுவில்கூடப் பச்சை நீர் கசியவில்லை. ஒரு தட்டு முடிந்து இன்னொரு தட்டு வந்தது. உச்சிப்பொழுதுக்கு முன்பே எல்லாம் முடிந்துவிட்டது. சந்தோஷமாக இருந்தது என்பதைச் சொல்லாவிட்டால் பொய். அத்தனை துக்கத்துக்கு நடுவிலும் அந்தக் கொஞ்ச நேரம் அவள் சந்தோஷமாக இருந்தாள். தன் கையைத் திரும்பப் பெற்றவள் வேறு எப்படி இருப்பாள்?

மறுநாள் காலை கை முன்பைவிட மோசமாக ஆடியது. ரவிக்கைக் கொக்கியைப் போட முடியவில்லை.

பூச்சிகள் வெளியே வந்தபோது குட்டி மேடம் யாரையும் கூப்பிடவில்லை. ஒவ்வொன்றாக எடுத்து, கழற்றி, பார்த்து, தட்டில் வைத்தாள். இடது இறக்கையில் புதுப் பொட்டு, அச்சில் வார்த்ததுபோல வட்டமாக. வலது இறக்கையில் புதிதாக ஒன்றும் இல்லை. அடுத்தது, இடதில் பொட்டு, வலது வெறுமை. ஒன்றாவது மாறி வந்துவிடாதா என்று ஊசி அக்காவும் பக்கத்தில் நின்று வேண்டிக்கொண்டாள். மாறவில்லை. ஒரு ஊசியாவது பிசகியிருந்தால் சந்தேகத்துக்கு இடம் இருந்திருக்கும், கொஞ்சம் காலம் கேட்டு வாங்கியிருக்கலாம். அவள்தான் ஒன்றைக்கூடப் பிசகவிடவில்லையே. ஏற்கெனவே எல்லோருக்கும் தெரிந்ததைத்தான் அந்தப் பூச்சிகள் சொல்லின. அதை அத்தனை தெளிவாகச் சொல்லவைத்தது அவள் கை.

மாநாட்டுக்கு யாரும் போகவில்லை. காலம் முடிந்ததும் குட்டி மேடம் புத்தகங்களைப் பெட்டியில் அடுக்கினாள். வேறு எங்காவது பார்க்க வேண்டும் என்றாள். எங்கே என்று அவளுக்கே தெரியவில்லை. கிளம்பும்போது கண்ணாடி அறைக்கு வந்தாள்.

"ஒண்ணு கேக்கட்டுமாக்கா? தப்பா நினைக்கக் கூடாது."

"கேளு கண்ணு."

"பக்கம் மாறுனது யாருக்கும் நடக்கும். நான் கோவிச்சுக்கவே இல்ல. ஆனா கை நடுங்குதுன்னு ஏன்க்கா சொன்னீங்க? அன்னிக்கு நான் பக்கத்துலயே நின்னு பாத்தேனே. மலை மாதிரி நின்னுச்சே. கவனிக்கலன்னு சொல்லியிருந்தாலே போதுமே. என்கிட்ட எதுக்குப் பொய்?"

ஊசி அக்கா இரண்டு கைகளையும் முந்தானைக்குள் வைத்திருந்தாள். வெளியே எடுத்துக் காட்டினால் போதும். ஆனால் இன்றைக்கு ஆடும் கை அன்றைக்கு எப்படி நின்றது என்று அடுத்த கேள்வி வரும். குடித்துவிட்டு உன் வேலையைச் செய்தேன் என்று அந்த முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டும். "பயத்துல சொல்லிட்டேன் கண்ணு" என்றாள். அந்தப் பெண் சரி என்று தலையாட்டிவிட்டு, முன்புபோல் கட்டிப்பிடிக்காமல் போய்விட்டாள். சிரித்துப் பேச இருந்த ஒரே ஆள் அவளைப் பொய்க்காரி என்று நினைத்துக்கொண்டு போனாள். இதற்கு அழுதுதான் தீர்க்க வேண்டும், அழுகையும் வரவில்லை.

புரொபசர் அந்த வாரமே கூப்பிட்டனுப்பினார். அவர் மேசை மேல் அந்தக் கடைசித் தொகுதியின் இறக்கைகள் கண்ணாடிக்கடியில் வரிசையாக இருந்தன. இப்படி ஒரு சுத்தமான வேலையை நான் என் காலத்தில் பார்த்ததில்லை என்றார். புதிதாக இரண்டு பேர் வருகிறார்கள், பெரிய வேலை, முழுக்க முழுக்க நடுகைதான், திங்கட்கிழமை முதல் தினமும் காலையில் ஊசி அக்கா உட்கார வேண்டும், இனிமேல் கூண்டு கழுவுவது, ஓடு அள்ளுவது எதுவும் வேண்டாம் என்றார். "கை பத்திரம். அந்தக் கையை நம்பித்தான் எல்லாத்தையும் போட்டிருக்கேன்" என்று சிரித்தார். அவளும் சிரித்தாள். வேலை போகவில்லை, போகாது. இத்தனை நாள் எதற்குப் பயந்தாளோ அது நடக்கவில்லை. வேலை போயிருந்தால் பிழைத்திருப்பாள் என்பது அவளுக்கு அந்த அறையிலேயே தெரிந்துவிட்டது.

திங்கட்கிழமை காலை பின்னறைக் கதவைத் தட்டினாள். அண்ணன் திறந்தார். அவளைப் பார்த்ததும் கதவைப் பாதி சாத்தினார்.

"கேட்டா குடுக்காதேன்னு நீதானே சொன்னே."

"சொன்னேன். இப்போ கேக்கறேன்."

"மாட்டேன்மா."

"எல்லாரும் வந்து உக்காந்திருப்பாங்கண்ணா. புழு காத்துக்கிட்டு இருக்காது."

 அண்ணன் உள்ளே போய் எடுத்துவந்தார். கால்வாசிதான் இருந்தது. அவருக்கே அன்றைக்குப் போதாது. பங்கு போட வேண்டியிருந்தது, அதனால் அவள் சமையலறையிலிருந்து இரண்டு டம்ளர்களை எடுத்துவந்தாள். ஒருவர் பிடித்துக்கொள்ள ஒருவர் ஊற்றலாம் என்று பார்த்தார்கள். அவர் பாட்டில் ஒரு பக்கம் ஆட, அவள் டம்ளர் ஒரு பக்கம் ஆட, முதல் துளிகள் தரையில் சிந்தின. அண்ணன் தங்கை இரண்டு பேரும் தரையில் உட்கார்ந்து, டம்ளர்களைச் சுவரோரமாக வைத்துவிட்டு, நான்கு கைகளாலும் பாட்டிலைப் பிடித்து ஊற்றினார்கள்.